பூதம் பிடிக்கும் பிள்ளைகளும் பயம் பிடித்த பெரியோரும்

பிள்ளைகள் கெட்டுவிட்டார்கள் என்ற ஓலம் நமக்குப் புதிதன்று. நாவல் வந்தபோது நாவல் கெடுத்தது என்றார்கள். பின்னர் சினிமா கெடுத்தது, வானொலி கெடுத்தது, தொலைக்காட்சி கெடுத்தது. குற்றவாளி மாறிக்கொண்டே வந்திருக்கிறான். தீர்ப்பு மட்டும் மாறியதில்லை. இன்று கூண்டில் நிறுத்தப்பட்டிருப்பது உள்ளங்கையில் அடங்கும் ஒரு விளையாட்டுக் கருவி. அதனுள் ஓடும் ‘போக்கிமோன்’ என்னும் பூதம் பிடிக்கும் விளையாட்டு.

கொட்டகலையைச் சூழ்ந்த தோட்டங்களில் இக்கருவி வீட்டுக்கு வீடு கிடக்கிறது என்று வாசகர் எண்ணிவிட வேண்டாம். கணக்கைப் பார்ப்போம். 2019இல் சந்தைக்கு வந்த ‘ஸ்விட்ச் லைட்’ என்னும் மலிவான கைக்கருவியின் அமெரிக்க விலை அவ்வாண்டில் 199.99 டொலராக இருந்தது. டொலருக்கு 300 ரூபாய் என்று கொண்டால் ஏறத்தாழ 60,000 ரூபாய். 2024 செப்டெம்பரில் தோட்டத் தொழிலாளருக்கென வர்த்தமானியில் குறிக்கப்பட்ட அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாய். அச்சம்பளத்தில் ஒரு தாய் ஒருநாளும் அரைப் பேர் விழாமல், ஒரு பிடி அரிசியும் வாங்காமல், 44 நாள் கொழுந்து பறித்தாலும் விலை தீராது. 45ஆம் நாளும் மலையேற வேண்டும். சுங்கவரியும் வணிகனின் இலாபமும் இக்கணக்கில் சேரவில்லை. ஆகவே எம் பிள்ளைகளின் கையில் இருப்பது கடைச்சரக்கன்று. கொழும்புக் கடைகளிலும் வளைகுடா நாடுகளிலும் வேலை செய்யும் அண்ணன்மாரும் சித்திமாரும் கொண்டுவந்த, கண்ணாடி கீறிய பழைய கருவி. ஒன்றைச் சுற்றி ஒரு லயத்துப் பிள்ளைகள் அனைவரும் குந்தியிருப்பார்கள். அதுவும் இல்லாதவிடத்து, 2020இல் கொரோனா நோயால் பாடசாலைகள் மூடப்பட்டபோது கடன்பட்டு வாங்கிய கைத்தொலைபேசியிலே அந்தப் பழைய விளையாட்டை ஏற்றி ஆடுகிறார்கள்.

இதைக் கண்டு பெரியோருக்குப் பயம் பிடித்துவிட்டது. எம் பகுதியிலுள்ள ஒரு பாடசாலையில் புத்தகப் பைகளைச் சோதிக்க ஒரு குழு அமைத்தார்கள். அகப்பட்ட கருவிகள் அலுமாரியில் பூட்டப்பட்டன. ‘கைவிளையாட்டின் தீமைகள்’ என்ற தலைப்பில் கட்டுரைப் போட்டியும் நடந்தது. பரிசு பெற்ற மாணவன் அக்கட்டுரையில் பூதங்களின் பெயர்களைப் பிழையின்றி எழுதியிருந்தான் என்பது நடுவர்களுக்குத் தெரியவில்லை!

பழைமைவாதிகள் இவ்வாறு செய்வதில் வியப்பில்லை. முற்போக்கு எண்ணமுடைய ஆசிரிய நண்பர்கள் சிலரும் அந்த அணியிலே நின்று, ‘இது பன்னாட்டு முதலாளித்துவத்தின் பண்பாட்டுப் படையெடுப்பு’ என்று முழங்குவதே எம்மை இக்கட்டுரை எழுதத் தூண்டியது. படையெடுப்பு என்பது மெய்யாயின், கிரிக்கெட் மட்டை எந்நாட்டிலிருந்து வந்தது? எம் மலைகளைப் போர்த்தியிருக்கும் தேயிலை யாருடைய கப்பலில் வந்தது? மட்டைக்காக எந்த மாணவனின் பையையும் எவரும் சோதித்ததில்லையே! ஒரு பொருள் எங்கிருந்து வந்தது என்பது முதற்கேள்வி. அது மக்களிடத்தில் எந்தப் பசியைத் தீர்க்கிறது என்பது முடிவான கேள்வி. இரண்டாவதைக் கேளாமல் முதலாவதோடு நின்றுவிடுவது சமூக ஆய்வாகாது. அது சுங்கத் திணைக்களத்தின் வேலை.

இவ்விளையாட்டு பிறந்த கதையைச் சிறிது நோக்குவோம். இதனை ஆக்கியவர் சதோஷி தஜிரி என்னும் ஜப்பானியர், 1965இல் பிறந்தவர். தோக்கியோவின் புறநகரான மச்சிதாவில் வளர்ந்த அவர் சிறுவயதில் குளக்கரையிலும் வயல்வெளியிலும் பூச்சி பிடிப்பதே தொழிலாக இருந்தார். நகரம் பெருத்தது. குளங்கள் தூர்ந்தன, மரங்கள் வீழ்ந்தன, வீடுகளும் வீதிகளும் எழுந்தன, பூச்சிகள் மறைந்தன. தாம் பெற்ற அந்த இன்பத்தைப் பின்வந்த பிள்ளைகளுக்கு வேறு வழியிலேனும் கொடுக்க வேண்டும் என்ற எண்ணமே இவ்விளையாட்டின் வித்து. 1989இல் நிண்டெண்டோ நிறுவனம் வெளியிட்ட ‘கேம்போய்’ என்னும் கைக்கருவியில், இரண்டு கருவிகளைக் கம்பியால் இணைக்கும் வசதி இருந்தது. அக்கம்பி வழியே ஒரு பூச்சி இக்கருவியிலிருந்து அக்கருவிக்கு ஊர்ந்து போவதாக அவர் கற்பனை செய்தார். பல்லாண்டு உழைப்பின் பின், 1996 பெப்ரவரி 27இல் விளையாட்டு வெளிவந்தது. நான்கே சாயல் காட்டும் சிறு திரை. அதில் தேடிப் பிடிக்க 151 உயிர்கள்.

முதலாளித்துவம் முதலில் குளத்தைத் தூர்த்தது; பின்னர் குளத்தின் நினைவை விற்பனைக்கு வைத்தது. இந்த வரலாற்றை அறிந்த எவரும் விளையாட்டைக் கண்டு பயப்படமாட்டார். தூர்ந்த குளத்தை எண்ணியே துயருறுவார்.

இனி, பிள்ளை அதில் என்ன செய்கிறான் என்று பாருங்கள். புல்வெளியிலும் குகையிலும் நீரிலும் உயிர்களைத் தேடுகிறான். கண்டதன் பெயரை ஏட்டிற் பதிகிறான். அது நீர்வாழ்வதா, நெருப்பின் இனமா, நச்சுடையதா, பறப்பதா என்று வகுக்கிறான். வளருந்தோறும் அதன் வடிவும் பெயரும் மாறுவதைக் கவனிக்கிறான். தன்னிடம் இல்லாததைத் தோழனிடம் பண்டமாற்றிப் பெறுகிறான். இன்றைய பதிப்புகளில் 18 வகைகள் உள்ளன. எந்த வகை எந்த வகையை வெல்லும், எதனிடம் தோற்கும் என்பதைக் கட்டமிட்டு எழுதினால் 324 கட்டங்கள் வரும். ஆவர்த்தன அட்டவணையின் முதல் இருபது மூலகங்களைச் சொல்லத் திணறுகிறான் என்று நாம் குறைகூறும் அதே பிள்ளை, இந்த 324 கட்டங்களையும் விரல்நுனியில் வைத்திருக்கிறான்! அவனுக்கு நினைவாற்றல் இல்லையென்று இனி எந்த ஆசிரியர் கூறுவார்? புரியாத ஆங்கிலத்தில் எழுதப்பட்ட குறிப்புகளைச் சொற்சொல்லாய்க் கேட்டறிந்து முன்னேறுகிறானே, அவனுக்கு முயற்சி இல்லையென்று எவர் சொல்லத் துணிவார்?

கண்டறிதல், பெயரிடுதல், வகைப்படுத்தல், பரிமாறுதல் ஆகிய நான்கும் விஞ்ஞானத்தின் அடிப்படைகள் அல்லவா? தமிழ் படித்தோருக்கு இது புதுமையுமன்று. தொல்காப்பியத்தின் மரபியல் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு வரை வகுத்தது. பார்ப்பு, பறழ், குட்டி, குருளை என ஒன்பது இளமைப் பெயர்களை வகைதொகை செய்து வைத்தது. குறிஞ்சி நிலத்து மகளிர் கொய்து குவித்த மலர்களைக் கபிலர் குறிஞ்சிப்பாட்டில் நிரல்பட அடுக்கினார். அவை தொண்ணூற்றொன்பது என்பர். அத்தொண்ணூற்றொன்பதையும் மனனஞ் செய்து ஒப்பிக்கும் பண்டிதர்கள் உள்ளனர். அவற்றுள் ஒன்பதையேனும் தம் கண்ணாற் கண்டவர் எத்தனை பேர்? குறிஞ்சி நிலத்திலேயே குடியிருக்கும் எம் மாணவருக்கு, வகுப்பறைச் சாளரத்தின் வெளியே பூத்திருக்கும் ஒரு பூவைக் காட்டி அதன் பெயர் இதுவெனச் சொன்னவர் எத்தனை பேர்? பசித்த பிள்ளைக்குப் பட்டியலைப் பரிமாறினால், பிள்ளை அடுத்த வீட்டுக்குத்தான் போவான்.

அடுத்த வீடு தருமசாலை என்று நாம் சொல்லவில்லை. அதன் உரிமையாளன் கைதேர்ந்த வணிகன். முதல் வெளியீட்டிலேயே சிவப்பு, பச்சை என இரு பதிப்புகளை விற்றான். ஒன்றில் அகப்படும் சில உயிர்கள் மற்றதில் அகப்படா. நண்பனும் வாங்கினாலன்றித் தொகுப்பு நிறையாது. நட்பையே விற்பனை முகவராக்கிய சூழ்ச்சி அது! ‘அனைத்தையும் பிடித்தே தீர வேண்டும்’ என்பது அவன் அமெரிக்காவில் எழுப்பிய விளம்பரக் குரல். ஆனால் அந்த ‘அனைத்தும்’ என்றும் முடிவதில்லை. 151 ஆக இருந்த உயிர்கள் இன்று ஆயிரத்தைக் கடந்துவிட்டன. படச்சீட்டு, பொம்மை, திரைப்படம் என ஒவ்வொன்றும் ஒரு புதிய உண்டியல். மேலும், அவ்வுலகில் உயிர் என்பது பிடிபடுவதற்கும், உடைமையாவதற்கும், உடையவனுக்காகச் சண்டையிடுவதற்குமே பிறந்தது. இக்கருத்தை வளரும் உள்ளங்கள் கேள்வியின்றி ஏற்றுக்கொள்ளலாகாது. அதைக் கேள்விக்குட்படுத்தும் அறிவை யார் கொடுப்பது? அலுமாரிப் பூட்டு கொடுக்குமா?

பூட்டு ஒருபுறமிருக்க, திரைக்கு வெளியே எம் மலைகளில் என்ன இருக்கிறதென்று பார்ப்போம். மூக்கின் நுனியிலே கொம்பு முளைத்த ஓணான் ஒன்று நுவரெலியா, ஹக்கலை, ஹோர்ட்டன் சமவெளிப் பகுதிகளில் வாழ்கிறது. அதன் இனத்தவை இலங்கையையன்றி உலகில் வேறெங்கும் இல்லை. ஜப்பானியக் கற்பனைக்கு எள்ளளவும் குறையாத அவ்வுயிரை, எம் மாணவருட் பெரும்பாலோர் பெயர் சொல்லி அழைக்க அறியார். ஆனால் வெளிநாட்டுச் செல்வந்தர் சிலர் நன்கு அறிவர்! கண்ணாடிப் பெட்டியில் வைத்து வளர்ப்பதற்காக இலங்கையின் அரிய ஓணான்கள் கடத்தப்பட்டு விற்கப்பட்டமையாற்றான், 2019இல் ஜெனீவாவில் கூடிய அருகிவரும் உயிரினங்களின் வணிகம் பற்றிய சர்வதேச மாநாடு, அவற்றைப் பாதுகாப்புப் பட்டியலிற் சேர்க்க நேர்ந்தது. உண்மையான பூதம் பிடிக்கும் விளையாட்டு இதுவே. எம் பிள்ளைகள் திரையில் ஆடுகிறார்கள். பணம் படைத்தோர் எம் காட்டில் ஆடுகிறார்கள்.

இது நேற்றுத் தொடங்கியதுமன்று. 19ஆம் நூற்றாண்டில் காடழித்துக் கோப்பியும் தேயிலையும் நட்ட அதே ஆட்சியின் காலத்திலேதான், இம்மலைகளின் தவளைகளும் பறவைகளும் பிடிக்கப்பட்டு ஐரோப்பிய அருங்காட்சியகங்களுக்குப் போயின. அத்தவளையினங்களுட் சில பின்னர் இங்கு காணப்படவே இல்லை. இன்று அவை இருப்பது புட்டிகளுக்குள்ளே மட்டும். அழிந்துவிட்டதென அஞ்சப்பட்ட ஹோர்ட்டன் சமவெளித் தேவாங்கின் ஒளிப்படம் 2010இல் உலகெங்கும் செய்தியாயிற்று. 2020 மே மாதத்தில், நல்லதண்ணிக்கு அருகே லக்சபான தோட்டத்தில் கம்பிக் கண்ணியில் ஒரு கருஞ்சிறுத்தை அகப்பட்டது. சிகிச்சைக்குக் கொண்டு செல்லப்பட்டும் சில நாட்களில் மாண்டது. இச்செய்திகளுள் எதுவேனும் ஒரு வகுப்பறையில் ஒரு பாடவேளையாயினும் பேசப்பட்டதா?

ஓணானும் தேவாங்கும் அரிய உயிர்கள். வயிற்றுக்கு உழைப்பவருக்கு அவற்றால் ஆவதென்ன என்று கேட்போரும் உண்டு. அவர்களுக்குக் குளவியை நினைவூட்டுகிறோம்.

குளவி கொட்டித் தொழிலாளர் வைத்தியசாலையில் அனுமதி என்ற செய்தி மலையகத்தில் மாதந்தவறினாலும் தவறுமேயன்றி ஆண்டு தவறாது. கொழுந்து பறிக்கும் பெண்கள் ஐவர், பத்துப்பேர் என்று ஒரே நேரத்தில் தாக்கப்படுகிறார்கள், உயிரிழந்தோரும் உண்டு. அவ்வாறு கொட்டியது குளவியா, மலைத்தேனீயா? செய்தி எழுதுவோரும் கேட்பதில்லை. பாடம் நடத்துவோரும் கேட்பதில்லை. வேறுபாடு உயிரோடு தொடர்புடையது. தேனீயின் கொடுக்கு முள்ளுடையது. கொட்டிய இடத்திலேயே நச்சுப்பையோடு தங்கி, மேலும் நஞ்சைச் செலுத்திக்கொண்டிருக்கும். அதனைத் தாமதமின்றி அகற்ற வேண்டும். குளவியின் கொடுக்கு அவ்வாறு தங்குவதில்லை. ஒரே குளவி மீண்டும் மீண்டும் கொட்ட வல்லது. இரண்டுக்கும் பொதுவாக, கூட்டைக் கலைத்தவர் நின்று கைவீசலாகாது. விரைந்து விலகி மூடிய இடத்துக்குச் செல்ல வேண்டும். மூச்சுத் திணறல் கண்டால் ஒரு கணமும் தாமதியாமல் வைத்தியசாலைக்குக் கொண்டு செல்ல வேண்டும்.

திரையிலே நச்சுப் பூதம் எதிர்ப்பட்டால் எந்த மருந்தை எடுக்க வேண்டுமென்று எட்டு வயதுப் பிள்ளைக்குத் தெரியும். அவன் தாய் நிற்கும் தேயிலை நிரையில் எந்த மரத்திற் கூடு தொங்குகிறது என்பதும், அது எதன் கூடு என்பதும் அவனுக்குத் தெரியாது; தெரிவிக்கும் கடமையுடைய கல்வி அதைப் பாடத்திட்டத்தின் எந்த மூலையிலும் வைக்கவில்லை. விளையாட்டுக் கருவியைப் பறித்து வைப்பதால் அந்தத் தாயின் ஆபத்து ஒரு கடுகளவேனும் குறையுமா? பிள்ளையின் பெயரறியும் ஆர்வத்தை அந்த மரத்தின் பக்கம் திருப்பினால் குறையும். இதுவே எம் வாதத்தின் சாரம்.

உயிர்களைப் பிடித்துப் பழக்கிச் சண்டைக்கு விடுவது கொடுமை என்று கண்ணீர் வடிக்கும் பெரியோரிடம் மற்றொரு கேள்வியும் கேட்க வேண்டியிருக்கிறது. ஐந்தாம் தரப் பிள்ளையைப் பிடித்து, விடியற்காலையில் ஒரு வகுப்பும் மாலையில் ஒரு வகுப்புமாகப் பழக்கி, புலமைப்பரிசில் களத்தில் மோதவிடுவது யார்? வெட்டுப்புள்ளியைக் கடந்த குழந்தையின் படத்தைப் புள்ளியோடு அச்சிட்டுப் பாடசாலை வாசலிலும் தனியார் வகுப்பு மதிலிலும் தொங்கவிடுவது யார்? ‘எம்மிடம் 9 ஏ இத்தனை’ என்று பதக்கம் எண்ணுவது யார்? வென்ற பிள்ளை தொகுப்பிற் சேர்கிறது. தோற்ற பிள்ளை தோட்டத்துக்கோ கொழும்புக் கடைக்கோ போகிறது. விளையாட்டில் தோற்ற பூதத்துக்கேனும் இளைப்பாறி மீள ஒரு நிலையம் உண்டு. எம் கல்விமுறையில் பத்து வயதில் தோற்றவனுக்கு அப்படியொரு நிலையம் எங்கே?

இங்கே வேறொரு கூட்டம் முன்வந்து, ‘அப்படியானால் பாடத்தையே விளையாட்டாக்கிவிடுவோம், திரையில் வினா, விடைக்குப் புள்ளி, புள்ளிக்குப் பதக்கம்’ என்று சரக்கு விரிக்கிறது. இவர்களையும் நாம் நம்புவதற்கில்லை. பிள்ளை பூதம் பிடிப்பது புள்ளிக்காக அன்று. புல்லுக்குள் என்ன இருக்கிறது என்ற ஆவலுக்காக. ஆவலை நீக்கிவிட்டுப் புள்ளியை மட்டும் எடுத்துக்கொண்டால் மிஞ்சுவது பழைய பரீட்சையே. அதற்குப் புதிய வண்ணம் பூசி மாதச் சந்தா வாங்கப் போகிறார்கள். விஞ்ஞான ஆசிரியர் பற்றாக்குறையால் காலங்காலமாக வாடும் மலையகத் தமிழ்ப் பாடசாலைகளுக்கு, ஆசிரியருக்குப் பதிலாகத் திரையை அனுப்பிக் கணக்கை முடித்துக்கொள்ளவும் அது வழியாகும்.

எனவே செய்ய வேண்டியது என்ன? பெரும் பணம் தேவையில்லை. வகுப்புக்கு ஓர் ஏடு போதும். பிள்ளைகள் பாடசாலைக்கு வரும் வழியில், லயத்தின் பின்புறத்தில், பீலிக்கரையில், தேயிலை நிரையில் கண்ட உயிர்களை அவ்வேட்டில் வரையட்டும். எங்கே, எப்போது, எந்தச் செடியிற் கண்டோம் என்று எழுதட்டும். வீட்டிலே பாட்டியும் அம்மாவும் அதற்கு என்ன பெயர் வழங்குகிறார்கள் என்று கேட்டுப் பதியட்டும். கொழுந்து பறிக்கும் பெண்களுக்கு அட்டையின் பருவமும் பூச்சியின் வகையும் தெரியும். அது அறிவென்று இதுவரை எவரும் அவர்களிடம் சொன்னதில்லை. பிள்ளை ஏடும் கையுமாக வந்து கேட்கும் அன்று, தன் தாய் ஓர் ஆசிரியை என்பதை அவன் முதன்முறையாக அறிவான். தொகுக்க வேண்டியவை பெயர்களும் குறிப்புகளுமே, உடல்களல்ல. பிடிக்காமலே தொகுக்கலாம் என்பதைக் கற்பதும் ஒரு கல்வி. அவ்விளையாட்டுக்கு நாம் கொடுக்கக்கூடிய சிறந்த மறுமொழியும் அதுவே.

கொட்டகலைப் பிள்ளைகளின் ஏடு நோர்வூட்டுக்குப் போகட்டும். நோர்வூட்டின் ஏடு தலவாக்கலைக்குப் போகட்டும். தம்மிடம் இல்லாததைப் பிறரிடம் அறிந்து நிரப்பும் இன்பத்தைக் கம்பியில்லாமலே அவர்கள் பெறுவர். இது கனவென்று தள்ளவேண்டாம். மடக்கும்புரைத் தோட்டத்திற் பிறந்த சி. வி. வேலுப்பிள்ளை, எவரும் பொருட்டாக மதியாத மலையக மக்களின் வாய்மொழிப் பாடல்களைத் தேடித் தொகுத்தமையாற்றான் அவை இன்று இலக்கியமாக நிற்கின்றன. பாடலுக்கு ஒருவர் செய்ததைப் பறவைக்கும் பூச்சிக்கும் ஒரு தலைமுறைப் பிள்ளைகள் செய்ய இயலாதா? தமிழ்நாட்டில் 1980இல் தோன்றிய அறிவியல் இயக்கம், ‘துளிர்’ என்னும் சிறுவர் இதழாலும் சிறுவர் அறிவியல் மாநாடுகளாலும் கிராமத்துப் பிள்ளைகளைத் தம் ஊரையே ஆய்வுக்களமாகக் கொள்ளச் செய்தது. கொட்டகலையோ ஆசிரியரை உருவாக்கும் ஊர். இங்கே அரசினர் ஆசிரியர் கலாசாலை உண்டு. பத்தனையில் ஸ்ரீபாத தேசிய கல்வியியற் கல்லூரி உண்டு. ஆண்டுதோறும் பயிற்சி முடித்து மலைகளெங்கும் பரவும் இளம் ஆசிரியர், தாம் செல்லும் தோட்டத்தின் உயிரேடு ஒன்றைத் தொடங்குவதென்று உறுதிகொண்டால், பத்தாண்டுகளில் மலையகத்தின் இயற்கை வரலாறு அதன் சொந்தப் பிள்ளைகளின் கையெழுத்தில் இருக்கும்.

ஆசிரிய அன்பர்களே, அலுமாரியைத் திறந்து, பறித்தவற்றைப் பிள்ளைகளிடம் திருப்பிக் கொடுங்கள். பாடவேளையில் ஆடக்கூடாது என்று விதியுங்கள். நள்ளிரவு வரை ஆடிக் கண்ணைக் கெடுத்துக்கொள்ளாதே என்று கண்டியுங்கள். அது உங்கள் கடமை. ஆனால் கருவியைத் திருப்பிக் கொடுக்கும் அதே கையால் ஒரு வெற்றேட்டையும் கொடுங்கள்.

மாணவத் தோழர்களே, ஆயிரம் பூதங்களின் பெயரை நினைவில் வைத்திருக்கும் உங்கள் மூளையை எவர் இகழ்ந்தாலும் நம்பாதீர்கள். அந்த ஆற்றல் உங்களுடையது. அதை விலைக்கு வாங்கியவன் தன் கணக்கில் எழுதிக்கொண்டிருக்கிறான். அதை மீட்டெடுத்து வாருங்கள். பெயர் தெரியாத உயிர்களும், பெயர் பதியப்படாத மனிதர்களும் இம்மலைகளில் இன்னும் ஏராளம்.